பேர் மறைத்த கட்டுரை

— முடியாது மாப்ள. கட்டுரை எழுதினவன் பேரை வெளியில சொன்னா, இந்தப் பத்திரிகையை நாளைக்கே இழுத்து மூடிட வேண்டியதுதான்.

— மூடுங்க மச்சான். ரப்பர் ஆராய்ச்சிக்கு ஒரு பத்திரிகை இல்லன்னா உலகம் ஒண்ணும் அழிஞ்சிடாது. எம்பையன் போயிட்டான். பழியையும் அவன் தலையிலயே கட்டிட்டு கம்பெனிக்காரன் நிம்மதியா தூங்குறான்.

— முதல்ல உட்காரு. அந்த நாற்காலியில இருக்கிற பழைய இதழையெல்லாம் கீழ தள்ளு. டீ சொல்லட்டுமா?

— உங்க தங்கச்சி பச்சத்தண்ணிகூட குடிக்காம கிடக்கா. எனக்கு டீயா?

— சரி, பொறுமையா சொல்லு. விசாரணையில என்னதான் சொல்றாங்க?

— நீராவி வால்வை அவன் அவசரப்பட்டுத் திறந்தானாம், அதான் ரப்பர் குழாய் வெடிச்சதாம். பச்சைப் பொய். அந்தக் குழாய் வெளியில பளபளன்னு இருக்கும், உள்ளுக்குள்ள வெடிப்பு ஓடியிருக்கும்னு ஒருத்தன் போன வருஷமே எழுதினானே? நீங்கதானே பேரை எடுத்துட்டு, போடலாமா வேண்டாமான்னு என்னைக் கேட்டு அனுப்பினீங்க?

— அனுப்பினேன்.

— ரெண்டு பக்கம் படிச்சேன். சூடாக்கு, ஆற வை, அறுத்துப் பாருன்னு திரும்பத் திரும்ப ஒரே பாட்டு. இது பட்டறைக்காரன் குறிப்பு, ஆராய்ச்சி இல்லன்னு ஒரே வரியில தள்ளிட்டேன். அன்னைக்கு முழுசாப் படிச்சிருந்தா எம்பிள்ளை இருந்திருப்பான் மச்சான்.

— அதைக் கிளறாத மாப்ள. நடந்தது நடந்து போச்சு.

— என் கையில இருக்கிற பிரதியைக் காட்டினேன். பேர் இல்லாத காகிதம் செல்லாதுன்னுட்டாங்க. எழுதினவன் வந்து ஒரு வார்த்தை சொல்லட்டும். கால்ல வேணாலும் விழறேன்.

— அவன் வர மாட்டான்.

— ஏன், வேலை போயிடும்னு பயமா?

— பயந்த பிள்ளை இல்ல அவன்.

— அப்ப என்மேல கோவம். இருக்கும். நாலு அறை விட்டுட்டாவது வரட்டும்.

— கோவமும் இல்ல. நீ எழுதின அந்த ஒரு வரியைப் படிச்சான். இதோ, நீ உட்கார்ந்திருக்கிற இடத்துலதான். இன்னும் நல்லா எழுதிட்டு வர்றேன்னு சிரிச்சுக்கிட்டே போனான்.

— யாரு மச்சான் அது?

— கேட்டா தாங்க மாட்டே. அதுக்குத்தான் இவ்வளவு நேரமா சட்டம் பேசிட்டிருக்கேன்.

— பிள்ளையைப் பறிகொடுத்தவனுக்கு இதுக்கு மேல தாங்க என்ன இருக்கு? சொல்லுங்க.

— "அப்பா முகத்துக்காக இதைப் போட வேண்டாம் மாமா. பேரை மறைச்சு அவருக்கே அனுப்புங்க, அவர் சரின்னு சொன்னா எனக்கு அது போதும்"னு கேட்டுக்கிட்டான்.