படத்தில் இல்லாத துண்டு

சின்னபொண்ணு: அப்ப, பத்து நாள் லீவுங்கறீங்க?

சென்றாயன்: பத்து… பதினஞ்சுகூட ஆவும்.

சின்னபொண்ணு: தீவாளிக்கு வந்தாலே மறுநாள் சேலத்துக்கு ஓடற ஆளு. ஸ்டூடியோவுல என்ன திடீர்னு இவ்ளோ தாராளம்?

சென்றாயன்: பொண்டாட்டியப் பாக்க வந்தது ஒரு குத்தமா?

சின்னபொண்ணு: யாரு சொன்னா? களி ஆறுது, தின்னுங்க. போன வாரம் சந்தையில கேட்டாங்க, உன் வூட்டுக்காரரு சினிமாவுல என்னதான் பண்றாருன்னு. கத்திரிக்கோல் புடிக்கறாருன்னேன்.

சென்றாயன்: போச்சு!

சின்னபொண்ணு: ராஜா வேசக்காரருக்கு முடி வெட்டறாரான்னு கேட்டுட்டுப் போறாங்க.

சென்றாயன்: ‘விரைவில் வருகிறது’ன்னு ரெண்டு நிமிசம் காட்டறாங்கல்ல, அந்தத் துண்ட வெட்டி ஒட்டறது நான்னு சொல்ல வேண்டியதுதானே? அதப் பாத்துதான் புள்ள ஜனம் படத்துக்கே வருது.

சின்னபொண்ணு: பேரு போடறாங்களா?

சென்றாயன்: குதிர ஓட்டறவன் பேருகூடப் போடறாங்க. எனக்கில்ல… அத வுடு. நீ தருமபுரி சினிமாக் கொட்டாய்க்குப் போனியா, இந்த மாசம்?

சின்னபொண்ணு: நானா? புளி தட்டவே பொழுது பத்தல.

சென்றாயன்: ஒரு நாளுகூடவா?

சின்னபொண்ணு: ஏன், போவணுமா?

சென்றாயன்: சும்மாதான்…

சின்னபொண்ணு: சும்மா கேக்கறவருக்குக் களி ஏன் தொண்டையில நிக்குது? தண்ணியக் குடிங்க.

சென்றாயன்: குடிச்சுட்டேன். கொட்டாயப் பத்தி ஒண்ணும் காதுல வுழலியா?

சின்னபொண்ணு: கொட்டாய்ல ஒரே ரகளையாம். துண்டுல கொடத்தோட ஒரு பொண்ணு சிரிச்சாளாம். படத்துல அவளே இல்லியாம். ‘அந்தப் பொண்ணு எங்கடா’ன்னு பெஞ்சிய ஒடச்சாங்களாம்.

சென்றாயன்: யுத்தம் வந்ததுலேர்ந்து ஃபிலிமுக்கும் ரேஷன் புள்ள. நீளத்தக் கொறைக்க அவள வெட்டித் தள்ளிட்டாங்க. கூடையில கெடந்துது. எடுத்து அந்த ரெண்டு நிமிசத் துண்டுல ஒட்டுனேன்.

சின்னபொண்ணு: கேக்காமியா?

சென்றாயன்: கேட்டா வுடுவாங்களா?

சின்னபொண்ணு: யாரோ ஒருத்திக்காவ…

சென்றாயன்: யாரோ இல்ல. உன் தங்கச்சி. குள்ளம்மா.

சின்னபொண்ணு: அவ எப்படி அங்க வந்தா?

சென்றாயன்: கும்பல்ல ஒருத்தியா நடிக்க வந்தா. என்னப் பாத்ததும் கால்ல வுழுந்துட்டா. கெழவனுக்குக் கட்டி வெக்கப் பாத்தாங்கன்னு ஓடுனவ, அப்பாரு தலமுழுகிட்டாரு, இனி எந்த மொகத்தோட வருவேன்னா. ‘நான் உசுரோட இருக்கறத அக்காகிட்டச் சொல்லாதீங்க மாமா’ன்னு சத்தியம் வாங்கிக்கிட்டா.

சின்னபொண்ணு: அதனால?

சென்றாயன்: சொல்லல. காட்ட மாட்டேன்னு நான் சத்தியம் பண்ணலியே. மூணு வருசமா அவள நெனச்சு நீ அழுவறத எத்தினி நாளு பாக்கறது?

சின்னபொண்ணு: … நாலு தடவ போனேன்.

சென்றாயன்: எங்க?

சின்னபொண்ணு: கொட்டாய்க்குத்தான். அந்தத் துண்டு முடிஞ்சதும் எந்திரிச்சு வந்துருவேன். படம் என்ன கதைன்னுகூடத் தெரியாது.

சென்றாயன்: அடிப் பாவி… புளி தட்டறேன்னியே!

சின்னபொண்ணு: நீங்க லீவுன்னீங்களே.

சென்றாயன்: … லீவு இல்ல புள்ள. அந்த ரகளைக்கப்புறம் என்னை வேலைய வுட்டே அனுப்பிட்டாங்க. எட்டு நாளாச்சு. சேலத்துல வேற வேல தேடிக்கிட்டுத் திரிஞ்சேன்… வெறுங்கையோட எப்படி வர்றதுன்னு…

சின்னபொண்ணு: தெரியும்.

சென்றாயன்: தெரியுமா? யாரு சொன்னா?

சின்னபொண்ணு: என்னாலதான் மாமாவுக்கு வேல போச்சுன்னு நேத்து ஒருத்தி ஓடியாந்து என்னைக் கட்டிக்கிட்டு அழுதா… ஏய் குள்ளம்மா! கதவுக்குப் பின்னால ஒளிஞ்சது போதும்டி, மாமாவுக்கு மோரு கொண்டா.