என் மேசையைத் தாண்டாத கட்டு

எங்கள் பிரிவில் மின்விசிறியை இரண்டுக்கு மேல் வைக்க மாட்டோம். விடைத்தாள்கள் பறந்துவிடும். வியர்த்துக்கொண்டே வேலை பார்த்துப் பழகியவன் நான். இந்த விசாரணை அறையின் குளிர்தான் ஒத்துக்கொள்ளவில்லை.

கேட்டீர்கள், சொல்கிறேன். பல்கலைக்கழகத்தின் மறுமதிப்பீட்டுப் பிரிவுக்கு நான் கண்காணிப்பாளர். யாரிடமும் கை நீட்டியதில்லை. என் மகள் இறுதித் தேர்வில் ஒரு பாடத்தில் தவறி, மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தாள். தேறினால் கடல் தாண்டி மேற்படிப்பு, இடம்கூடக் கிடைத்திருந்தது. அவள் அம்மா போன பிறகு வீட்டில் நாங்கள் இருவர்தான்.

தாள் திருத்தி வந்தது. ஐம்பத்தெட்டு, தேறிவிட்டாள். ஒட்டிக்கொண்டிருந்த பக்கங்களை முதலில் திருத்தியவர் பிரித்தே பார்க்கவில்லை. நல்ல பதில்கள். எனக்குப் பெருமையாக இருந்தது.

ஒரு பாடத்தின் தாள்கள் ஒரே கட்டாகத்தான் எங்களிடமிருந்து வெளியே போகும். ஒரு தாளை மட்டும் நிறுத்தினால் கேள்வி வரும். கட்டையே நிறுத்தினால் அதற்குப் பெயர் தாமதம். தாமதத்துக்காக எங்கள் அலுவலகத்தில் யாரும் யாரையும் கேட்டதில்லை. கட்டை என் அலமாரியில் வைத்துப் பூட்டினேன். மற்றப் பிள்ளைகளின் தாள்களும் அதில் இருந்தன. இருந்தன, அவ்வளவுதான்.

“அப்பா, நேரா கோர்ட்டுக்கே போயிடலாம்னு வக்கீலக்கா சொல்றாங்க” என்றாள் மகள். வக்கீலக்கா எங்கள் மாடியில் குடியிருப்பவர்.

“எடுத்த எடுப்பிலே கோர்ட்டாம்மா? யூனிவர்சிட்டில மனு குடுத்தியான்னுதான் ஜட்ஜ் முதல்ல கேப்பாரு. ஒவ்வொரு படியா ஏறு.”

“உங்க ஆபீஸ் படி ஏறினா மூச்சுதான் வாங்குது. ஒரு லிஃப்ட் வைக்கச் சொல்லுங்க.”

சிரித்தேன். மாலையில் நான் சொல்லச் சொல்ல மனு எழுதினாள். காலையில் அதை நானே முத்திரை குத்தி வாங்கிக்கொண்டேன். பிறகு நினைவூட்டல். பிறகு விடைத்தாள் நகல் கேட்டு ஒரு மனு. அதன்மேல் ஒரு முறையீடு. எல்லாம் சட்டம் சொல்லும் படிகள். ஒன்றைக்கூட நான் தவறாகச் சொல்லித் தரவில்லை. இதற்குள் அவளுடைய இடம் வேறு யாருக்கோ போயிற்று. அழுதாள். நான்தான் தேற்றினேன்.

கடைசியில் வக்கீலக்கா வழக்குப் போட்டார். செய்தி காதில் விழுந்த அன்றே கட்டைக் காகிதக் கூழாக்கும் ஆலைக்கு அனுப்பினேன். பழைய தாள்களை அழிக்கும் கெடு வந்திருந்தது. விதியில் இடம் உண்டு. ஒரு தாளை மட்டும் உருவிக்கொண்டேன். அவள் கையெழுத்தைக் கூழாக்க மனம் வரவில்லை. நான் ஒன்றும் கல்நெஞ்சக்காரன் இல்லை. என் சட்டைகளுக்கு அடியில் வைத்தேன். இஸ்திரி போட எடுத்தபோது பார்த்துவிட்டாள்.

மற்றவர்களுக்கு ஒரு வருடம் வீணாயிற்று என்கிறீர்கள். தேர்வு அடுத்த வருடமும் வரும். விமானம் ஏறிய மகள் வருவாளா? வருத்தம் தெரிவித்தால் தண்டனை குறையலாம் என்றீர்கள். தெரிவிக்க மாட்டேன். நாளைக்கே இன்னொரு கட்டு என் மேசைக்கு வந்தாலும் இதையேதான் செய்வேன்.

தாளை உங்களிடம் கொடுத்தவள் அவள்தான் என்று தெரியும். வக்கீலக்கா பேச்சைக் கேட்டுச் செய்திருப்பாள். இப்போது வெளியே பெஞ்சில்தான் உட்கார்ந்திருக்கிறாள், காலடியில் பெரிய பெட்டியோடு. உள்ளே வரும்போது கூப்பிட்டேன். திரும்பவில்லை, வராந்தா இரைச்சலில் கேட்டிருக்காது.

கையெழுத்து எங்கே போடவேண்டும்? கொஞ்சம் சீக்கிரம் முடியுங்கள். வீட்டுச் சாவி என்னிடம் இருக்கிறது. பாவம், எவ்வளவு நேரம்தான் எனக்காகக் காத்திருப்பாள்?