நாற்பதாம் நாளில் கிழித்த தாள்

மூன்று மேசைகளை ஒட்டிப்போட்டு மேடை என்று நாம் நம்பிக்கொண்டிருக்கும் இவ்விடத்தில் வீற்றிருக்கும் நிறுவனத் தலைவர் கலோயன் அவர்களே! நினைவுநாள் படையலாக அவித்த கோதுமையில் சர்க்கரை தூவி எடுத்துவந்திருக்கும், மறைந்த ராங்கெலின் துணைவியார் நெவெனா அவர்களே! ராக்கியா மதுக் கோப்பையை நாற்காலிக்கடியில் ஒளித்திருக்கும் சகாக்களே! கனத்த நெஞ்சோடு வணங்குகிறேன்.

நாற்பது நாளாகிவிட்டது. பதினெட்டு ஆண்டுகள் நம் வலைப் பொறியாளராக இருந்த ராங்கெல் சொபானொவ் இல்லாமல் ப்ளொவ்டிவ் நகரத்துக் குன்றுகள் ஒரு முழம் குனிந்துவிட்டன. நான் அளந்தே பார்த்தேன்!

அவர் காத்தது எது? கோட்டையா? கஜானாவா? ஒரு ஃபைல்! இங்கே ஒருவர் காயை நகர்த்தினால் அங்கே இன்னொருவர் திரையில் அது நகர வேண்டுமே, அந்தச் சேதியைச் சுமக்கும் பொது ஃபைல். நம் பதினோரு இணைய விளையாட்டுகளும் தனித்தனியே அடுப்பு மூட்டாமல் அந்த ஒரே அண்டாவில்தான் பசியாறின.

அந்த அண்டாவைக் கவிழ்த்த மாவீரன் யார்? அடியேன்தான்! புதிதாக எழுதிய ஃபைலைப் பழையதன் இடத்தில், பழையதன் பெயரிலேயே வைத்தேன். மூன்று விளையாட்டுகள் ஒரே நொடியில் சாய்ந்தன. ஆடியவர்கள் போட்ட ஓலத்தில் டான்யூப் நதி திரும்பி ஓடியது. ராங்கெல் பாய்ந்து வந்தார்.

"என்னடா பண்ணித் தொலைச்ச?"

"பேரு அதேதானே வச்சேன், அண்ணே?"

"அதாண்டா தப்பு! உள்ள என்ன மாறியிருக்குன்னு விளையாட்டுக்குத் தெரியாது. பேரைச் சொல்லிக் கூப்பிடும், வந்தவனை நம்பும். உன் மாமனார் சட்டையை மாட்டிக்கிட்டு எவனோ வந்தா உக்கார வச்சு சோறு போடுவியா?"

"மாமனாருக்கே போட மாட்டேனே!"

சிரித்துவிட்டார். பழையதை மீட்டு வைத்தார். புதியதற்கு வேறு எண் கொடுத்துப் பக்கத்தில் நிறுத்தினார். தலைவர் விசாரித்தபோது "கரண்ட் போயிடுச்சு" என்றார். கலோயன் அவர்களே, கரண்ட் போகவில்லை. என் புத்திதான் போயிருந்தது.

அன்றுமுதல் ஒரு வழக்கம் பிறந்தது. ஆள் போனால் வாசற்கதவில் துக்கத் தாள் ஒட்டுகிறோம் அல்லவா? ராங்கெல் நீக்கப்போகும் பழைய ஃபைல்களுக்கு ஒட்டினார், அதுவும் சாவுக்கு முன்பே! கறுப்புக் கரை போட்ட தாள். 'இன்ன ஃபைல் நாற்பது நாளில் நம்மைப் பிரியும். இதை நம்பியிருப்பவர் வந்து சொன்னால் பிரியாது.'

ஒன்றுக்கு மட்டும் ஒட்ட விடவில்லை. பகடை உருட்டி ஆடும் நம் பழைய தாப்லா விளையாட்டு மட்டும் இன்னும் நம்பியிருந்த பழைய ஃபைல் அது. மூன்று முறை கேட்டேன்.

"ரெண்டு பேர் இன்னும் ஆடுறாங்கடா."

"யாரு அண்ணே?"

"ரெண்டு பேரு."

அவர் போன அன்றே அந்தத் தாளை நானே ஒட்டினேன். இனி அதைப் பராமரிக்க ஆளில்லை. அவருக்குத் துணையாகப் போகட்டும் என்று நினைத்தேன். நாற்பது நாளும் ஒருவரும் வரவில்லை. இன்று மாலை நீக்குவதாக இருந்தது.

சற்று முன்பு, கோதுமைப் பாத்திரத்தோடு நெவெனா அந்தக் கதவின் முன் நின்றார்.

"இது யாரு செத்தது?"

"ஆளில்ல அண்ணி, தாப்லா ஃபைலு. சாயங்காலம் எடுத்துருவோம்."

"நானும் வார்னாவுல இருக்கற என் தங்கச்சியும் தினம் ஆடுறோமே, அதா?"

"அதேதான். ஏன் அண்ணி வந்து சொல்லல? நாப்பது நாளா கதவுல தொங்குதே!"

"நான் என்னிக்கு உங்க கதவுப் பக்கம் வந்தேன்? இன்னிக்குத்தானே வர்றேன்!"

கேட்டீர்களா, சகாக்களே? நம்மை நம்பியிருப்பவர்கள் நம் கதவைப் படிப்பதில்லை. கதவைப் படித்ததெல்லாம் நாம்தான். ஒரு ஃபைலைத் திறந்து வரிவரியாகப் படித்தால் அதைப் புரிந்துகொண்டதாக இறுமாந்திருந்தேன். அதன் மேல் யார் சாய்ந்திருக்கிறார்கள் என்பது எந்த வரியில் எழுதியிருக்கிறது? ராங்கெலுக்கு அது தெரிந்திருந்தது. ஆடுவது தன் மனைவி என்று பெயர் சொல்லிச் சலுகை கேட்க மட்டும் அவருக்கு மனம் வரவில்லை.

ஆகவே ஏழு குன்றுகள் சாட்சியாகச் சொல்கிறேன். இனி அறிவிப்பு ஆடுபவரின் திரையில் வரும், நம் கதவில் அல்ல. தாப்லா ஃபைலை நான் பார்த்துக்கொள்வேன். அதன் பெயரில் வேறெதையும் வைக்க மாட்டேன்!

இதோ அந்தத் தாள், என் கையில். நம் ஊரில் ஒட்டிய தாளை மழைதான் கிழிக்கும், மனிதர் கிழிப்பதில்லை. இதை நான் கிழித்தேன். பக்கத்தில் ராங்கெலின் துக்கத் தாள் இருந்தது. அதையும் தொட்டுப் பார்த்தேன். அது வரவில்லை.

அவருக்காக முதல் துளியைத் தரைக்கு ஊற்றுங்கள், சகாக்களே. அண்ணி, சாயங்கால ஆட்டத்தைத் தவறவிடாதீர்கள். ரெண்டு பேர் இன்னும் ஆடுகிறார்கள்.