பிள்ளைக்கல் நின்ற கதை

இந்தக் கதையை எனக்குச் சொன்னவர் என் மாமியார், பிரகாசி மாமி. கேட்ட நாளிலிருந்து எனக்கு இதில் சந்தேகம்தான். தலை நரைத்த பிறகும் அது தீரவில்லை. ஆனாலும் சொல்கிறேன். மாமி சொன்ன மாதிரியே சொல்கிறேன்.

இன்ஜின் படகு வராத காலமாம். பாய்தான், துடுப்புதான். வடக்கே எங்கள் ஊர் கழிமுனை. தெற்கே மாமியின் ஊர் தாழையடி. இரண்டு ஊருக்கும் ஒரே மாதா கோயில், ஒரே கல்லறைத் தோட்டம். நடுவே கரையோரம் ஒற்றைப் பனை ஒன்று நின்றதாம்.

அந்தப் பனைதான் கடலுக்கு வேலி. எப்படி என்றால், கரையை விட்டு வெகுதூரத்தில் களவாப்பார் என்று ஒரு பாறைத்திட்டு. களவா மீன் அடைந்து கிடக்கும் இடம். அங்கிருந்து கரையைத் திரும்பிப் பார்த்தால், பனை முன்னால் நிற்கும், கோயில் சிலுவை பின்னால் நிற்கும். சிலுவை பனைக்கு வடக்கே தெரிந்தால் நீ இருப்பது கழிமுனைக் கடல். தெற்கே தெரிந்தால் தாழையடிக் கடல். பனை சிலுவையை மறைத்தால் அதுதான் எல்லை, வலையை நிறுத்து. அவ்வளவுதான் சட்டம். அதற்குப் பத்திரம் கிடையாது, பட்டா கிடையாது.

ஒரு கார்த்திகையில் புயல் வந்ததாம். கடல் ஏறி வந்து பனையை வேரோடு பிடுங்கிப் போனதாம். பனை நின்ற இடத்தில் பெரும் பள்ளம். மறுபடி அலை வந்து மணலைக் கொட்டி அதையும் மூடியதாம். புயல் ஓய்ந்து பார்த்தால், கரை துடைத்த தாம்பாளம் மாதிரி கிடந்ததாம்.

பனை எங்கே நின்றது? அங்கேதான் வந்தது வினை.

தாழையடிக்காரர்கள் எங்கள் ஊர்ப் பக்கம் தள்ளி ஒரு கம்பை நட்டார்களாம். எங்கள் ஆட்கள் சும்மா இருப்பார்களா? அவர்கள் ஊர்ப் பக்கம் தள்ளி ஒரு கம்பை நட்டார்களாம். கரையில் சில முழம் தள்ளினால் போதும், கடலில் ஒரு பாரே கை மாறிவிடும். கழிமுனைப் படகுகளுக்குத் தலைவன் இன்னாசி. தாழையடிப் படகுகளுக்குத் தலைவன் மிக்கேல். மிக்கேலின் கூடப்பிறந்த தங்கச்சி கித்தேரிதான் இன்னாசியின் பெண்டாட்டி. மச்சான்மார் இரண்டு பேரும் பாரில் படகோடு படகு முட்டி நின்றார்களாம்.

“பனை எங்க நின்னுச்சுன்னு எனக்குத் தெரியாதா? எங்கப்பன் அதுல சாஞ்சு உக்காந்துதான் வலை பின்னுவாரு.”

“உங்கப்பன் சாஞ்சதுலதான்டா பனையே விழுந்துச்சு!”

“வாய அடக்கு மிக்கேலு.”

“தங்கச்சியத்தான் குடுத்தோம் மச்சான். பாரையும் சேத்துச் சீதனமாக் குடுக்கல.”

அவ்வளவுதான். கத்தி வலையில் இறங்கியது. துடுப்பு ஆள் மேல் இறங்கியது. தாழையடிப் பையன் ஒருத்தனுக்குக் கை முறிந்துவிட்டதாம். “நாளைக்கு விடியட்டும், கரையில வச்சுத் தீத்துக்குவோம்” என்று இரண்டு பக்கமும் சொல்லிப் பிரிந்தார்களாம்.

விடிந்தது. வடக்கேயிருந்து ஒரு கூட்டம், தெற்கேயிருந்து ஒரு கூட்டம். எல்லார் கையிலும் மீன் குத்துகிற ஈட்டி. சாமியார் திருநாளுக்குத்தான் வருவார், தடுக்க ஆளில்லை. முன்வரிசையில் இந்தப் பக்கம் இன்னாசி, அந்தப் பக்கம் மிக்கேல். எந்த ஈட்டி பாய்ந்தாலும் இழவு கித்தேரிக்குத்தான். ஒன்று தாலி போகும், இல்லையென்றால் பிறந்த வீடு போகும்.

கித்தேரி வந்தாளாம். ஓடி வரவில்லை, நடந்து வந்தாளாம். இரண்டு கம்புக்கும் நடுவே ஓர் இடத்தில் போய் மணலில் உட்கார்ந்தாளாம்.

“பனை இங்கதான் நின்னுச்சு.”

“எந்திரி கித்தேரி. ஆம்பளைங்க பேசுற இடம்” என்றானாம் இன்னாசி.

“ஈட்டிய வச்சுக்கிட்டு என்ன பேச்சு பேசப் போறீங்க? பனை இங்கதான் நின்னுச்சு. அதுக்கடியில என் பிள்ளை கெடக்கு.”



கல்யாணமான மறுவருஷம் அவளுக்கு ஏழாம் மாசத்தில் ஒரு பிள்ளை பிறந்து, ஞானஸ்நானத் தண்ணீர் தலையில் படுவதற்குள் அடங்கிப் போயிருந்ததாம். ஞானஸ்நானம் பெறாத பிள்ளைக்குக் கல்லறைத் தோட்டத்தில் இடமில்லை. இன்னாசி அப்போது கடலில் இருந்தான்.

“கடல்ல விட்டுட்டேன்னு சொன்னியே” என்றானாம் இன்னாசி.

“தினம் நீங்க போற கடல். அதுல விட மனசு வரல. கடல்ல இருந்து திரும்பிப் பாத்தா உங்க கண்ணு மொதல்ல எதத் தேடும்? பனையத்தான் தேடும். அதான் அங்க வச்சேன்.”

மிக்கேல் லேசில் நம்புகிறவன் இல்லையாம். “வாயால சொல்லிட்டாப் போதுமா? புருஷன் ஊருக்குப் பேசுறியோ என்னவோ. யாரு கண்டா?”

“நம்பாட்டி மம்பட்டி கொண்டாரச் சொல்லு அண்ணே. நீயே தோண்டு. உன் மருமகன்தான், நீயே கையில எடு. தாய்மாமன் இன்னும் அவன் மொகத்தப் பாக்கலைல்ல?”

மம்பட்டி வந்தது. மிக்கேல் வாங்கினான். ஓங்கினான். ஓங்கிய கை அப்படியே நின்றதாம். மம்பட்டியைத் தூரப் போட்டுவிட்டு மண்டி போட்டானாம். ஒவ்வொருத்தராக ஈட்டியை மணலில் வைத்தார்களாம். இன்னாசி தன் படகுக்குப் போய், நங்கூரமாகக் கட்டியிருந்த கல்லைத் தூக்கி வந்து அவள் முன்னால் வைத்தானாம். மிக்கேலும் தன் படகுக் கல்லைக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்தானாம். அப்புறம் ஆளுக்கொரு கல்.

அதுதான் பிள்ளைக்கல், பனைக்குப் பதிலாகக் கடலில் எல்லை பார்க்கிற கல். பாரின் தலை தாழையடிக்கு, வால் எங்களுக்கு என்று அன்றைக்குப் பிரிந்தது இன்றைக்கும் அப்படியேதான் இருக்கிறது.

அந்த இடத்தில் மண்ணைத் தோண்டக்கூடாது என்பது இரண்டு ஊர்க் கட்டுப்பாடு. அதனால் பிள்ளைக்கல்லுக்கு அஸ்திவாரம் கிடையாது. வெறும் அடுக்குதான். மழைக்காலத்துக் கடல் அதைச் சரித்துவிடும். கடல் தணிந்ததும் இரண்டு ஊரும் வந்து, படகுக்கு ஒரு கல்லாகச் சேர்த்து அடுக்கி, சுண்ணாம்பு அடிக்க வேண்டும். அதுவரை யாரும் பாருக்குப் போகக்கூடாது. சண்டை போட்டுக்கொண்டிருக்கிறவர்கள்கூட அன்றைக்கு வந்தே ஆக வேண்டும். ரோடு போட வந்த என்ஜினியர் ஒருவர், “ரெண்டடி தோண்டி கான்கிரீட் தூண் போட்டுத் தர்றேன், நூறு வருஷம் நிக்கும்” என்றார். இரண்டு ஊரும் சேர்ந்து மம்பட்டியைப் பிடுங்கிக்கொண்டன. இப்போது படகுக்குப் படகு ஜிபிஎஸ் இருக்கிறது. கல் வருஷத்துக்கு ஒரு சாண் அப்படியும் இப்படியும் நகர்ந்திருக்கலாம். யாரும் அளப்பதில்லை.

என் சந்தேகத்துக்கு வருகிறேன். முதலில், அவள் காட்டிய இடம் அவ்வளவு சரியாக நடுவில் இருந்தது உறுத்தியது. பிறகு வேறொன்று உறுத்தியது. அதை நான் யாரிடமும் கேட்கவில்லை. கேட்டால் ஏதோ ஒன்று சரிந்துவிடும் என்று பயம். அவள் சொன்னது பொய் என்றால், வருஷா வருஷம் நாங்கள் எதன் மேல் கல் அடுக்குகிறோம்? பொய்யாகவே இருக்கட்டும், அதனால் செத்தவன் யார்? இப்படியே எனக்குள் மாற்றி மாற்றிப் பேசிக்கொண்டு வருஷங்களைக் கழித்தேன்.

இந்த வருஷம் கல் அடுக்குகிற அன்றைக்கு மாமி வந்திருந்தார். கம்பை ஊன்றிக்கொண்டு, சுண்ணாம்பு வாளிப் பக்கத்தில் நின்று எல்லாரையும் அதட்டிக்கொண்டிருந்தார்.

“என்ன மாப்ள, கல்ல வைக்காம கையில வச்சு எடை போடுறீங்க?”

“ஒண்ணு கேக்கணும் மாமி.”

“கேளுங்க. உங்க ஊருக்கு வால்தான் கெடச்சுச்சுன்னு இந்த வருஷமும் அழுவணுமா?”

“அது இல்ல மாமி. பனைய வேரோட பிடுங்கிட்டுப் போன கடலு, அதுக்கடியில இருந்த பிள்ளைய மட்டும் விட்டுட்டுப் போயிருக்குமா? அன்னைக்கு இங்க நின்னவங்க அத்தன பேரும் கடல்காரங்க. மிக்கேலு, இன்னாசி, எல்லாருமே அது தெரிஞ்சுதான் ஈட்டியக் கீழ வச்சாங்களா?”