கொன்சுவேலோவின் வெட்டப்படாத காட்சி

கலியாண வீடியோக்களில் சாப்பாட்டுப் பந்தியைத்தான் நான் முதலில் வெட்டுவேன், ஐயா. வாய் நிறையச் சோற்றோடு தெரிவதை யாரும் விரும்புவதில்லை. விவாகரத்தான மருமகளை எடுத்துவிடச் சொல்லியும் வருவார்கள். அதையும் தடம் தெரியாமல் செய்து கொடுப்பேன். லண்டன் டூட்டிங்கில் சச்சிதானந்தன் என்றால் அந்த நம்பிக்கை இருக்கிறது. பழைய வீடியோக் கசெற்றுகளைக் கொம்பியூட்டரில் ஏற்றித் தருவதுதான் என் தொழில்.

கொன்சுவேலோவும் ஒரு கசெற்றோடுதான் வந்தார். எண்பதைத் தாண்டியவர், ஒரு காலத்தில் ஸ்பெயினில் நடிகை. அங்கே தணிக்கை கடுமையாக இருந்தபோது ஒரே படத்தை இரண்டு விதமாக எடுப்பார்களாம். உள்ளூருக்கு உடுப்போடு, வெளிநாட்டுக்கு உடுப்பில்லாமல். பிறகு தணிக்கை தளர்ந்தது. எல்லா இயக்குநர்களும் அவரைக் கூப்பிட்டார்கள், கழற்றுவதற்கு மட்டும்.

"என்னை நடிக்க விட்டது இந்த ஒரு படத்தில்தான்," என்றார். குளித்துவிட்டு உடுப்பில்லாமல் எழும்பி நின்றபடியே கணவனிடம் நீளமாகப் பேசும் காட்சி அது. தணிக்கை இருந்த காலத்துப் படம் என்பதால் உள்ளூரில் தணிக்கைக்காரர் அதை முழுதாக வெட்டிவிட்டார்களாம். மிஞ்சியது வெளிநாட்டுக்குப் போன பிரதியிலிருந்து பதிந்த இந்தக் கசெற் மட்டும். தன் படங்களைக் காட்டும் ஒரு விழாவில் அதைப் போட வேண்டும், சாவதற்கு முன் ஒருமுறையாவது சனம் தன் நடிப்பைப் பார்க்க வேண்டும் என்றார்.

எனக்கு அப்போதே சந்தேகம். எந்த வயதான பெண் இதை நாலு பேருக்குக் காட்டச் சொல்லுவார்? யாரோ பின்னால் நின்று தூண்டிவிடுகிறார்கள் என்று நினைத்தேன். என் மனைவி சுசிலா, "பாவம் அந்த மனிசி, கெதியாச் செய்து குடுங்கோவன்," என்றாள். செய்து கொடுத்தேன், அந்தக் காட்சி இல்லாமல்.

காட்சி இல்லையென்று கண்டதும் கசெற்றைத் திருப்பிக் கேட்டார். மெஷினில் நாடா சிக்கிப் பாழாகிவிட்டது என்றேன். கடையில் நின்றே அழுதார். எனக்கும் மனம் கஷ்டப்பட்டது. ஒருவருடைய மானத்தைக் காப்பாற்றுவதென்றால் அவ்வளவும் தாங்கத்தான் வேண்டும்.

பிறகு சுசிலாவுக்கும் சந்தேகம் வந்தது.

"கடையின்ர கீழ் அறைக்குள்ள ஒவ்வொரு நாளும் அப்பிடி என்ன வேலை?"

"ஒரு பழைய நாடா. நிறம் மங்குதோ எண்டு பாக்கிறன்."

பொய்யில்லை. அடிக்கடி பார்த்தால்தான் அது தெரியும்.

ஒரு வெள்ளிக்கிழமை சுசிலா விம்பிள்டன் பிள்ளையார் கோயிலுக்குப் போயிருந்தாள். கொன்சுவேலோ சொல்லாமல் கொள்ளாமல் கடைக்கு வந்து, கீழே தன் குரல் கேட்கிறதே என்று படியிறங்கிவிட்டார். திரையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"அவர்களாவது வெட்டியதை எரித்தார்கள்," என்றார். கசெற்றை எடுத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டு படியேறினார்.

நான் பிடித்து இழுத்தது கசெற்றைத்தான், அவரை அல்ல. அவர் கசெற்றை விட்டிருந்தால் விழுந்திருக்க மாட்டார்.

விழுந்த இடத்தில் பாவாடை முழங்காலுக்கு மேல் ஏறிக் கிடந்தது. முதல் வேலையாக அதை இழுத்துவிட்டேன். அம்புலன்ஸ் என்று முனகினார். அவர்கள் வந்தால் உடுப்பைக் கத்தரித்துத் திறந்துதான் பார்ப்பார்கள், உங்களுக்குத் தெரியாததா. குளிருக்குப் போட்டிருந்த என் சால்வையை அவர் முகத்தில் போட்டு, அசைவு அடங்கும்வரை அழுத்திக்கொண்டிருந்தேன். அதற்குப் பிறகு கழுத்துப் பட்டனையும் பூட்டிவிட்டேன். பொலிஸ்காரர் நீங்கள் கண்டெடுத்தபோது அவர் எவ்வளவு மரியாதையாகக் கிடந்தார் என்பதை மட்டும் ஒருவரும் சொல்கிறீர்கள் இல்லை.