குணசேகரத்தின் கோப்பு

இல்லைத் தங்கச்சி, பைலை முழுக்க வாசிச்சிட்டன். நூற்றிப் பதினாலு பக்கம், அதுவும் முப்பத்தைஞ்சு வருசமாத் தொடாத ஜேர்மன் பாசை. அதுதான் ஒரு கிழமை எடுத்தது. ஜக்கெட்டைக் கழட்டிப்போட்டு இருங்கோவன், தேத்தண்ணி ஆறப்போகுது.

தெரியும், குணசேகரத்தின்ர முப்பத்தோராம் நாள் நினைவுக்கு இனி எட்டு நாள்தான் கிடக்கு. அண்டைக்குச் சனத்துக்குக் குடுக்கிற கல்வெட்டுப் புத்தகம் வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகோணும். அவன்ர சீவிய சரித்திரத்தில ஊர்ப் பக்கம் எழுதியாச்சு. இஞ்ச டென்மார்க்கில பிரெடெரிசியாப் பக்கமும் எழுதியாச்சு, பண்டி இறைச்சி வெட்டுற பக்ரறியில இருபத்தாறு வருசம், தமிழ்ப் பள்ளிக்கூடம் துவங்கினது, எல்லாம். நடுவில கிழக்கு ஜேர்மனி, லைப்சிக் பக்கம்தான் இடிக்குது. டொக்டருக்குப் படிச்சவன் நாலாம் வருசத்தில ஏன் படிப்பை விட்டவன் எண்டு ஒரு வரியாவது போடோணும் அல்லோ?

ஓம் ஓம், உங்களுக்கு அதுதான் வேணும். ஆர் காட்டிக் குடுத்தது எண்டு. அதுக்குத்தான் வாறன்.

முதல் அந்தக் கிழக்கு ஜேர்மனியை விளங்கோணும். எண்பத்திமூண்டு கலவரம் முடிஞ்ச கையோட, கொம்யூனிஸ்ட் கட்சி தந்த ஸ்கொலர்ஷிப்பில நாங்கள் ரெண்டு பேரும் போனனாங்கள். ஒரே ஹொஸ்டல், ஒரே அறை. அவன் மெடிசின், நான் திட்டமிட்ட பொருளாதாரம். ஓமோம், அப்பிடியும் ஒரு படிப்பு இருந்தது. எண்பத்தொன்பதில நான் பட்டம் எடுத்தன், அடுத்த வருசம் அந்த நாட்டையே காணேல்லை! லெனின் புத்தகமெல்லாம் ஹொஸ்டல் வாசலில குப்பைப் பெட்டிக்குள்ள மழையில நனையுது. தோழர் தோழர் எண்டு கைகுடுத்த ஒருத்தன் ட்ராமில வைச்சு, இன்னும் ஏன் இஞ்ச நிக்கிறாய், உன்ர நாட்டுக்குப் போ எண்டு தள்ளிவிட்டான். கடையில வாழைப்பழம் வந்தது, சனத்துக்கு வேலை போச்சுது. உந்தப் பட்டத்தை வைச்சுக்கொண்டு நான் ஆருக்குத் திட்டம் போடுறது? ஒரு பெட்டியோட பிரெடெரிசியா ஸ்டேசனில வந்து இறங்கினன். எனக்கெண்டு ஒரு குளிர் ஜக்கெட்டும் கொண்டு, முதலே இஞ்ச வந்திருந்த குணசேகரம்தான் வந்து நிண்டவன். நீங்கள் அவனைக் கலியாணம் கட்டி வரும்வரைக்கும் அவன்ர சோபாவிலதானே படுத்தனான். பக்ரறியிலயும் அவன்தான் சொல்லி எடுத்துவிட்டவன்.

சரி சரி, விசயத்துக்கு வாறன்.

லைப்சிக்கில ஒரு வாத்தியார் இருந்தவர். மேற்கு ஜேர்மனியில இருந்த தன்ர தங்கச்சிக்கு அவர் ஒரு கடிதம் அனுப்போணும். அவங்கட சொந்தச் சனம் சுவரைத் தாண்ட ஏலாது, எங்களைப்போல வெளிநாட்டுக்காரர் போய்வரலாம். குணசேகரம் அதைச் சப்பாத்துக்குள்ள வைச்சுக் கொண்டுபோனவன். எண்பத்தேழு மார்கழி. எல்லை ஸ்டேசனில பொலிஸ்காரர் மற்றச் சப்பாத்தைப் பாக்கவேயில்லையாம், நேர இடது சப்பாத்தைத்தான் கழட்டச் சொன்னவங்கள். வாத்தியாரை ரெண்டு வருசம் மறியலில அடைச்சாங்கள். இவனை ஒரே நாளில நாட்டை விட்டுக் கலைச்சுப்போட்டாங்கள். அப்பிடி டென்மார்க்குக்கு வந்துதான் கத்தியைப் பிடிச்சவன்.

சுவர் விழுந்தாப்பிறகு உந்த ரகசியப் பொலிஸின்ர பைல் எல்லாத்தையும் சனத்துக்குத் திறந்துவிட்டாங்கள். உன்ர பைலை நீயே வாசி எண்டு. நல்ல விசயம்தான், வேண்டாமெண்டு சொல்லேல்லை. ஆனா அதை வாசிச்சுப்போட்டுப் புருசன் பெண்சாதி பிரிஞ்சது, தமையனும் தம்பியும் கதைக்காமல் விட்டது, எத்தினை! குணசேகரமும் தன்ர பைலை எழுதிக் கேட்டு எடுத்திருக்கிறான் எண்டு, நீங்கள் அலுமாரிக்குள்ள இருந்து எடுத்துக்கொண்டு வரும்வரைக்கும் எனக்குத் தெரியாது.

பைலில கார்ல் எண்டு கிடக்கு. அது கள்ளப்பேர், காட்டிக் குடுக்கிற ஆக்களுக்கு அவங்கள் வைக்கிறது. கார்ல் சொன்னது, கார்ல் சொன்னது எண்டு பக்கம் பக்கமா. குணசேகரம் ஹீற்றரில கருவாடு காயவிட்டதுகூடக் கிடக்கு. வாசிச்சுப்போட்டு எனக்குச் சிரிப்பு வந்தது, பிறகு அழுதிட்டன்.

அந்தக் கார்லும் பாவம் தங்கச்சி. கறுப்புச் சந்தையில காசு மாத்தினதைப் பிடிச்சுக்கொண்டு, ஒண்டில் எங்களுக்குத் தகவல் சொல்லு, இல்லாட்டி நாளைக்குப் பிளேனில ஏத்திவிடுவம் எண்டிருப்பாங்கள். ஊரில இந்தியன் ஆமி ஷெல் அடிக்கிற நேரம். எங்க போறது? ஒரு சின்ன விசயம் சொன்னால் விட்டிடுவாங்கள் எண்டு நினைச்சிருப்பான். அடுத்த கிழமையும் கூப்பிடுவாங்கள். அந்த அறையில மேசை ஒண்டு, கதவு ஒண்டு, யன்னல் இல்லை. ஒருக்கா உள்ள போனால் ஒருத்தரும் வெளியில வாறேல்லை.

எனக்கென்னண்டு இவ்வளவும் தெரியுமோ? ம்.

மகள் அபிதா வெள்ளிக்கிழமை வாறாளோ? அவளின்ர போனை இந்தப் பைலுக்கு மேல பிடிச்சா ஜேர்மனைத் தமிழிலயே வாசிக்குமோ? ஓம், இப்ப எல்லாம் அப்பிடித்தானே. வேண்டாம், அவளுக்கு ஏன் கரைச்சல். இந்தாங்கோ, பைல் கந்தோர் அனுப்பின இந்தக் கடைசிக் கடிதம். கார்லின்ர உண்மைப் பேரைக் கேட்டால் குடுப்பாங்கள், குணசேகரம் கேட்டிருக்கிறான். ரெண்டாம் பந்தியைப் பாருங்கோ. நீக்கிலாஸ் குருசுமுத்து, குருநகர், பிறந்த திகதியும் போட்டுக் கிடக்கு. நான்தான்.

அதில்லைத் தங்கச்சி என்னைத் தின்னுறது. கடிதத்தின்ர திகதியைப் பாருங்கோ, ரெண்டாயிரத்தொன்பது பங்குனி. அந்தச் சித்திரையிலதானே எனக்கு நெஞ்சு ஒப்பிரேசன். வைலே ஆஸ்பத்திரிக்கு ஏத்தி இறக்கினவன் அவன். மாசக்கணக்காச் சோறு கொண்டந்தவன். பதினாறு வருசம், ஒவ்வொரு ஞாயிறும் இதே கதிரையில வந்து இருந்தவன், ஒரு சொல்லுச் சொல்லேல்லை. மன்னிச்சவனோ, என்ர வாயால வரட்டும் எண்டு பாத்துக்கொண்டிருந்தவனோ? உங்களிட்டயாவது ஏதும் சொன்னவனோ?

ஆ?

என்ர பேரை உங்களுக்கு எப்ப சொன்னவன்? கடிதம் வந்த அண்டைக்கேயோ?

பின்னை என்னத்துக்குத் தங்கச்சி இதை என்னட்டைக் கொண்டந்து வாசிக்கத் தந்தனீங்கள்?