குதிரை வயித்துக் கம்பு

மண்குதிரைய நம்பி ஆத்துல எறங்காதேம்பாக. எங்க செவக்காட்டூரு மண்குதிரைய நம்பித்தான் கரையேறுச்சு. எப்பிடின்னு கேளுங்க.

ரொம்பக் காலத்துக்கு முன்ன, ரெண்டு பாளையக்காரனுக்குள்ள சண்டையாம். எதுக்குச் சண்டை? அது அவனுகளுக்கே மறந்துபோச்சாம். இன்னைக்கு இவன் படை வந்து தானியக் குதிருல கைய விடும். நாளைக்கு அவன் படை வந்து பானையில கைய விடும். மழையும் ஏமாத்திருச்சு. சனங்க கீரையத் தின்னு, கிழங்கத் தின்னு கெடந்துச்சாம்.

மிச்சம் இருந்தது வெதைக்கம்பு மட்டுந்தான். புள்ளைக பசியில அழுதாலும் அதுல கைவைக்கல. அது போனா ஊரே போச்சு. எங்க ஒளிக்க? சண்டையில புருசனப் பறிகொடுத்த வெயிலாச்சிதான் சொன்னாளாம்: "அய்யனாரு குதிரை வயித்துல போடுவோம். சூளையில வேகறப்ப சூடு போக விட்ட ஓட்டை இருக்குல்ல?"

பூசாரி பதறிட்டாராம். "சாமி குத்தமாயிரும் தாயி!"

"நாம செத்தா சாமிக்கு யாரு பொங்க வைப்பா?"ன்னாளாம்.

போட்டாக. ஈரமண்ணால ஓட்டைய அடைச்சாக. அவசரத்துல சாணி சேக்க மறந்துட்டாக. வெயிலு ஏற ஏற மண்ணு வெடிச்சுப்போச்சு.

அன்னைக்குன்னு பாத்து படை வந்துச்சாம். வீடு வீடாத் தொழாவுச்சு, ஒண்ணும் கெடைக்கல. அலுத்துப்போன ஒரு படைக்காரன் குதிரை வயித்து நெழல்ல உக்காந்தான். அவன் மடியில பொலபொலன்னு கம்பு விழுதாம்! வெயிலாச்சி பாத்துட்டா. ஓடிப்போயி முன்னால நின்னா.

"அண்ணே, அது வெதை."

அம்புட்டுத்தான் சொன்னாளாம்.

வாயில போடப்போனவன் நிறுத்திட்டான். "எங்க ஊருலயும் வெதைக்க ஒண்ணுமில்ல தாயி"ன்னானாம். மடியில கெடந்தத அள்ளி உள்ள போட்டான். முண்டாச அவுத்து ஓட்டையில திணிச்சு, வயித்தச் சுத்திக் கட்டுனான்.

தூரத்துல இருந்து தலைவன் கத்துனான். "என்னலே அங்க?"

"நேத்திக்கடன்! குதிரைக்குத் துணி கட்டுதேன்!"

"எனக்கும் சேத்துக் கட்டுலே! உசுரோட வீடு போய்ச் சேரணும்!"

படை போயிருச்சாம். ஊரே குந்தி அழுது, அழுதுக்கிட்டே சிரிச்சுச்சாம்.

பெறகு மழை பேஞ்சுது. வெதைச்சாக, அறுத்தாக. வெயிலாச்சி ஒரு கலயம் வெதைக்கம்ப குதிரை காலடியில வச்சு, அந்தப் படைக்காரன் வருவான் வருவான்னு பாத்திருந்தாளாம். வரல. பேரு கேக்காம விட்டுட்டமேன்னு சாகற வரைக்கும் அவளுக்குக் கொறைதான்.

அதான் இன்னைக்கும் வெதைப்புக்கு முன்னால குதிரை வயித்துல புதுத்துணி கட்டுதோம். காலடியில கலயத்துல வெதை வைக்கோம். வெதையில்லாத ஊருக்காரன் எவனும் எடுத்துக்கலாம், பேரு கேக்க மாட்டோம். காலையில போயிப் பாப்போம். கலயம் காலியா இருந்தா, "அப்பாடா, அண்ணன் வந்துட்டுப் போயிட்டாக"ன்னு சொல்லிட்டு ஏரப் பூட்டுவோம்.